ஒரு நடிகை, நான்கு தொழில்கள், ஒரு கேள்வி

(முன்னாள் மாணவர் சந்திப்பில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம். பேச்சு நடை பெரும்பாலும் அப்படியே விடப்பட்டிருக்கிறது.)

 

சங்கச் செயலாளர் அண்ணன் எனக்குப் போன் செய்து, "இருபது நிமிஷம் பேசணும் தம்பி. எதைப் பத்தி வேணும்னாலும் பேசு. உன் கம்பெனியைப் பத்தி மட்டும் பேசாதே" என்றார். போன தடவை பேசியவர் அறுபது ஸ்லைடு போட்டாராம். பாதி ஸ்லைடில் கூட்டம் கேன்டீனுக்குப் போய்விட்டதாம். அதனால் ஸ்லைடே இல்லாமல் வந்திருக்கிறேன்.

நான் எடுத்துக்கொண்ட விஷயம் ஒரு ஜெர்மன் சினிமா நடிகை. மெக்கானிக்கல் படித்தவனுக்கும் ஜெர்மன் நடிகைக்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் சிரிப்பது தெரிகிறது. சம்பந்தம் இருக்கிறது. வேலை விஷயமாக ஒரு வருஷம் ஜெர்மனியில் இருக்க நேர்ந்தது. சாயங்காலம் மொழி வகுப்புக்குப் போவேன். இலக்கணப் புத்தகத்தில் எனக்கு ஏறாத ஜெர்மன், அங்கே போட்டுக் காட்டிய பழைய கறுப்பு வெள்ளைப் படங்களில் ஏறியது. அந்தப் படங்களில் அடிக்கடி வந்த முகம் ஹில்டகார்ட் க்னேஃப் என்பவருடையது. முதலில் படத்தைப் பார்த்தேன். பிறகு அந்த அம்மாளின் வாழ்க்கையைப் படிக்க ஆரம்பித்தேன். படிக்கப் படிக்க, இது நம் மாதிரி வேலைக்குப் போகிறவர்கள் கேட்க வேண்டிய கதை என்று தோன்றியது. ஏன் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

சித்திரம் வரைந்த பெண்

ஹில்டகார்ட் க்னேஃப் பிறந்தது 1925 டிசம்பர் 28. ஊர், டான்யூப் நதிக்கரையில் உள்ள உல்ம். நம் கல்லூரியில் உல்ம் என்றால் ஐன்ஸ்டைன் பிறந்த ஊர் என்று சட்டென்று சொல்லக்கூடியவர்கள் இருப்பார்கள். அதே ஊர்தான். கைக்குழந்தையாக இருக்கும்போதே தகப்பனார் இறந்துவிட்டார். தாயார் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பெர்லினுக்குப் போனார். ஆக, வளர்ந்தது எல்லாம் பெர்லின்.

ஹிட்லர் ஆட்சிக்கு வந்த 1933-ல் இவருக்கு வயது ஏழு. ஆட்சி விழுந்த 1945 மே மாதத்தில் வயது பத்தொன்பது. இந்த இரண்டு எண்களையும் கொஞ்சம் மனசில் வைத்துக்கொள்ளுங்கள். பள்ளிக்கூடம், பருவம், முதல் வேலை, முதல் காதல் எல்லாமே அந்தப் பன்னிரண்டு வருஷத்துக்குள் அடங்கிவிட்டன.

1940-ல் பள்ளிப் படிப்பை விட்டுவிட்டு, உஃபா என்ற பெரிய திரைப்பட நிறுவனத்தில் கார்ட்டூன் படங்களுக்குச் சித்திரம் வரையும் பயிற்சியில் சேர்ந்தார். திரையில் ஒரு வினாடி ஓட இருபத்து நான்கு பிரேம் வேண்டும். கையால் வரைய வேண்டும். டிராயிங் ஹாலில் ஒரு ஷீட்டை முடிக்க நாம் பட்ட பாடு நினைவிருக்கும் அல்லவா? அப்படியொரு வேலை. இதுதான் அவருடைய முதல் தொழில்.

அங்கிருந்து நடிப்புப் பயிற்சிக்கு மாறினார். போர் உச்சத்தில் இருந்த 1944-ல் ஹெல்முட் காய்ட்னர் இயக்கிய 'பாலங்களுக்கு அடியில்' என்ற படத்தில் ஒரு சின்ன வேடம். நதியில் படகோட்டும் இரண்டு நண்பர்களின் கதை. மேலே குண்டு விழுந்துகொண்டிருந்த நாட்களில் போரே இல்லாத மாதிரி எடுத்த படம். ஆனால் போர் முடியும் முன் அது தியேட்டருக்கு வரவே இல்லை.

இந்த இடத்தில்தான் கதையின் கஷ்டமான பகுதி வருகிறது. அந்த வயதில் அவர் காதலித்தது ஏவால்ட் ஃபொன் டெமான்டோவ்ஸ்கி என்பவரை. அவர் டோபிஸ் என்ற திரைப்பட நிறுவனத்தின் தயாரிப்புத் தலைவர். அதற்கு முன் கோயபல்ஸின் பிரசார அமைச்சகத்தின் கீழ், எந்தக் கதையைப் படமாக்கலாம், எதை ஆகாது என்று பார்க்கும் பதவியில் இருந்தவர். நாஜிக் கட்சிக்காரர். பெர்லின் விழும்போது க்னேஃப் ராணுவ உடுப்பை மாட்டிக்கொண்டு, ஆண் வேடத்தில், அவரோடு சேர்ந்து நகரச் சண்டையில் நின்றார். பிடிபட்டு சோவியத் கைதி முகாமில் கொஞ்ச காலம் கிடந்துவிட்டு பெர்லினுக்குத் திரும்பினார். டெமான்டோவ்ஸ்கிக்கு சோவியத் ராணுவ நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. 1946-ல் அது நிறைவேறியது.

இடிபாடுகளில் ஒரு படம்

அதே 1946-ல் க்னேஃப் நாடறிந்த நட்சத்திரம் ஆனார். எந்தப் படத்தில்? 'கொலைகாரர்கள் நம் நடுவே இருக்கிறார்கள்' என்ற படத்தில். போருக்குப் பின் ஜெர்மனியில் எடுத்த முதல் கதைப்படம் அது. இயக்கியவர் வோல்ஃப்காங் ஷ்டாவ்டெ. ஸ்கிரிப்டைத் தூக்கிக்கொண்டு அவர் மேற்கத்திய நேச நாடுகளின் அதிகாரிகளிடம் அலைந்தார், அனுமதி கிடைக்கவில்லை. சோவியத் அதிகாரிகள் சம்மதித்தார்கள். அந்தப் பகுதியில் 1946 மே மாதம் தொடங்கிய டேஃபா நிறுவனம் தயாரித்தது. அக்டோபர் 15-ம் தேதி பெர்லினில் முதல் காட்சி. செட் போட வேண்டிய வேலை பெரிதாக இல்லை. நகரமே இடிந்து கிடந்தது.

கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். சூசன்னே என்ற இளம்பெண் வதைமுகாமிலிருந்து உயிரோடு திரும்பி வருகிறாள். அவளுடைய பழைய வீட்டில் டாக்டர் மெர்ட்டன்ஸ் என்ற மனிதர் குடியிருக்கிறார். ராணுவத்தில் சர்ஜனாக இருந்தவர். இப்போது கத்தியைத் தொடப் பிடிக்காமல் சதா குடித்துக்கொண்டிருக்கிறார். காரணம், 1942 கிறிஸ்துமஸ் அன்று போலந்தில் அவருடைய கேப்டன் உத்தரவிட்டு, குழந்தைகள் உட்பட நூறு பேருக்கு மேல் சுட்டுக் கொன்றதை அவர் பார்த்திருக்கிறார். அந்தக் கேப்டன் ப்ரூக்னர் இப்போது அதே ஊரில் சௌக்கியமாக இருக்கிறான். மனைவி, மக்கள், நல்ல சாப்பாடு. சொந்தமாக ஒரு ஃபாக்டரி நடத்துகிறான்.

என்ன ஃபாக்டரி தெரியுமா? ராணுவ இரும்புத் தொப்பிகளைச் சமையல் பாத்திரமாக மாற்றுகிற ஃபாக்டரி.

என்னோடு படம் பார்த்தவர்களுக்கு இது ஒரு காட்சி. எனக்கு அன்றிரவு தூக்கம் வரவில்லை. பிரஸ் ஷாப்பில் வேலை பார்த்தவர்களுக்குப் புரியும். இரும்புத் தொப்பியும் பாத்திரமும் ஒரே குடும்பம்தான். தகட்டை டையில் வைத்து அழுத்திக் கிண்ணமாக இழுப்பது. தொப்பியைக் கவிழ்த்துக் கைப்பிடி வைத்தால் பாத்திரம். மெஷினுக்கு எதுவும் தெரியாது, அது சொன்னதைச் செய்யும். ப்ரூக்னரும் அப்படித்தான் பேசுகிறான். அன்றைக்குப் போர், உத்தரவு. இன்றைக்குச் சமாதானம், பாத்திரம். எல்லாக் காலத்துக்கும் பொருத்தமாக உற்பத்தி செய்கிறவன். படம் முழுக்க அவன் யாரையும் அதட்டுவதுகூட இல்லை. நல்ல மனிதன் மாதிரி சிரித்துக்கொண்டே இருக்கிறான்.

ஷ்டாவ்டெ முதலில் எழுதிய முடிவில் டாக்டர் அவனைச் சுட்டுவிடுவார். ஆளாளுக்குத் துப்பாக்கியைத் தூக்கக் கூடாது என்று சோவியத் அதிகாரிகள் அதை மாற்றச் சொன்னார்கள். அதனால் படத்தில் சூசன்னே ஓடிவந்து டாக்டரைத் தடுக்கிறாள். தீர்ப்புச் சொல்வது நம் வேலை இல்லை, குற்றம் சாட்டுவது நம் கடமை என்ற கருத்தோடு படம் முடிகிறது.

இந்தப் படத்தில் ஒரு குறை உண்டு. விமர்சகர்கள் பலர் சொல்லியிருக்கிறார்கள். வதைமுகாமிலிருந்து வந்த பெண் கலையாத தலையும் பொலிவான முகமுமாக வருகிறாள். வந்தவுடன் வீட்டைக் கூட்டிப் பெருக்குகிறாள். படம் முழுவதும் மெர்ட்டன்ஸின் மனவேதனைதான் பேசப்படுகிறது. அவள் அனுபவித்தது என்ன என்று படம் கேட்பதே இல்லை. வீட்டைச் சுத்தம் பண்ணும் ஒரு நல்ல பெண், முன்னாள் சிப்பாயைத் தேற்றி மனிதனாக்குகிறாள். அன்றைய ஜெர்மானிய ரசிகர்களுக்கு அந்த முகம் எவ்வளவு ஆறுதலாக இருந்திருக்கும்!

அந்த முகத்துக்குச் சொந்தக்காரி யார்? ஒன்றரை வருஷத்துக்கு முன்னால் நாஜி அதிகாரி ஒருவரின் காதலியாக, ராணுவ உடுப்பில் நின்ற இருபது வயதுப் பெண். வதைமுகாம் கைதியாக நடிக்கிறாள். நான் அவரைக் குறை சொல்வதற்காக இதைச் சொல்லவில்லை. ஏழு வயதில் ஆரம்பித்த ஆட்சிக்கு ஒரு பெண் குழந்தை என்ன பதில் சொல்ல முடியும்? ஆனால் "அந்தப் பன்னிரண்டு வருஷம் நீ எங்கே இருந்தாய், என்ன செய்தாய்?" என்ற கேள்வி அந்தத் தேசத்தில் எல்லோரையும் துரத்தியது. அவரையும் துரத்தியது. அதைத்தான் தலைப்பில் 'ஒரு கேள்வி' என்று போட்டிருக்கிறேன்.

பெயரை மாற்று என்றார்கள்

அதற்குப் பிறகு மளமளவென்று ஏற்றம். 1948-ல் 'தலைப்பில்லாத படம்' என்ற நகைச்சுவைப் படத்துக்காக லோகார்னோ திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது. அதே ஆண்டு ஆகஸ்ட் முதல் தேதி 'ஷ்டெர்ன்' என்ற வாரப் பத்திரிகை ஆரம்பித்தார்கள். முதல் இதழின் அட்டையில் இவர் படம். அமெரிக்க ராணுவத்தில் திரைப்பட அதிகாரியாக இருந்த கர்ட் ஹிர்ஷ் என்ற யூதரை 1947-லேயே திருமணம் செய்துகொண்டிருந்தார். கையில் ஹாலிவுட் ஒப்பந்தம். அழைத்தவர் சாமானியர் இல்லை, 'கான் வித் த விண்ட்' படத்தைத் தயாரித்த டேவிட் செல்ஸ்னிக்.

ஹாலிவுட் போனால் என்ன நடந்தது? சம்பளம் வந்தது, படம் வரவில்லை. வருஷக்கணக்கில் சும்மா உட்கார வைத்தார்கள். நம்மில் சிலருக்கு இது தெரியும். பெரிய கம்பெனியில் ஆஃபர் லெட்டர் வாங்கிக்கொண்டு, புராஜெக்ட் இல்லாமல் பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் நிலைமைதான். ஜெர்மன் என்று சொன்னால் படம் ஓடாது, ஆஸ்திரியா என்று சொல்லு, பெயரையும் மாற்றிக்கொள் என்றார்கள். கில்டா கிறிஸ்டியன் என்று ஒரு பெயரையும் எடுத்து வைத்திருந்தார்கள். அவர் முடியாது என்று சொல்லிவிட்டார்.

எனக்கு அவரிடம் மிகவும் பிடித்த செயல் இதுதான். 1948, 49-ல் உலகத்தில் ஜெர்மன் என்று சொல்லிக்கொள்வதில் எந்த லாபமும் கிடையாது. ஆஸ்திரியா என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அந்தத் துரத்தும் கேள்வியிலிருந்து தப்பித்திருக்கலாம். சொல்லவில்லை. கடைசியில் அமெரிக்கர்கள் உச்சரிப்பை மட்டும் திருத்திக்கொண்டார்கள். க்னேஃப் என்பதில் முதல் எழுத்தை விழுங்கிவிட்டு 'நெஃப்' என்று டைட்டிலில் போட்டார்கள். அந்த ஒரு எழுத்தோடு போயிற்று.

ஊர் கொதித்தது எதற்கு?

ஜெர்மனி திரும்பி, 1951-ல் வெளிவந்த 'பாவி' என்ற படத்தில் நடித்தார். இயக்கம் வில்லி ஃபோர்ஸ்ட். ஜனவரி 18-ம் தேதி ஃபிராங்க்ஃபர்ட் நகரில் வெளியீடு. மரீனா என்ற விலைமகள், மூளைக் கட்டியால் பார்வை போய்க்கொண்டிருக்கும் ஓவியனைக் காதலிக்கிறாள். அவனுடைய சிகிச்சைக்காக மறுபடியும் பழைய தொழிலுக்குப் போகிறாள். கடைசியில் அவன் சாக உதவி செய்துவிட்டு அவளும் இறந்துபோகிறாள். இதில் அவள் ஓவியனுக்கு மாடலாக நிற்கும் காட்சி ஒன்று, சில வினாடி, ஆடையில்லாமல்.

நாடு இரண்டாகிவிட்டது. கொலோன் நகரக் கார்டினல் படத்தைப் பார்க்காதீர்கள் என்று விசுவாசிகளுக்குச் சுற்றறிக்கை எழுதினார். தியேட்டர் வாசலில் ஊர்வலம். உள்ளே நாற்றக் குண்டு வீச்சு. பல ஊர்களில் தடை. எதிர்ப்பாளர்களுக்கு நிர்வாணத்தைவிட விபசாரமும், கருணைக் கொலையும், தற்கொலையும்தான் பெரிய உறுத்தல் என்று ஆராய்ந்தவர்கள் சொல்கிறார்கள். ஜனங்கள் ஞாபகத்தில் நின்றது அந்தச் சில வினாடிகள். எதிர்ப்பு வலுக்க வலுக்க டிக்கெட் விற்பனையும் ஏறியது, பல லட்சம் பேர் பார்த்தார்கள். ஒரு ஊர்த் தடை வழக்காகி, மத்திய நிர்வாக நீதிமன்றம் வரைக்கும் போனது. கலைச் சுதந்திரம் சினிமாவுக்கும் உண்டு என்று 1954-ல் தீர்ப்பு வந்தது. இன்றும் ஜெர்மன் சட்ட மாணவர்கள் படிக்கும் வழக்கு அது.

இதைப் பற்றி க்னேஃப் பின்னாளில் எழுதியது மிகவும் நியாயமான கேள்வி. ஆஷ்விட்ஸ் என்ற ஒன்று நடந்து ஐந்தாறு வருஷம்தான் ஆகிறது. அப்படிப்பட்ட நாட்டில் ஒரு படத்துக்காகவா இவ்வளவு கூச்சல் என்பது அவருடைய ஆச்சரியம்.

நண்பர்களே, இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1946-ல் 'கொலைகாரர்கள் நம் நடுவே இருக்கிறார்கள்' என்று சொன்னார்கள். எந்தத் தியேட்டரிலும் யாரும் நாற்றக் குண்டு வீசவில்லை. 1951-ல் ஒரு பெண் ஓவியனுக்கு முன்னால் நின்றாள். நாடே தெருவுக்கு வந்தது. ஒரு சமூகம் எதற்குக் கோபப்படுகிறது என்பதைவிட, எதற்குக் கோபப்படாமல் பேசாமல் வீட்டுக்குப் போகிறது என்று பார்த்தால் அந்தச் சமூகத்தைப் பற்றி நிறையத் தெரியும். இது ஜெர்மனிக்கு மட்டும் பொருந்துகிற கணக்கு இல்லை.

குரலும் பேனாவும்

அதன் பிறகு அவர் மறுபடி ஹாலிவுட் போனார். இந்த முறை வாய்ப்பு வந்தது. அனதோல் லிட்வக் இயக்கிய 'டெசிஷன் பிஃபோர் டான்' 1951-ல் வந்து, சிறந்த படத்துக்கான ஆஸ்கார் பரிந்துரை வரை போனது. 1952-ல் 'த ஸ்நோஸ் ஆஃப் கிளிமஞ்சாரோ'வில் கிரிகரி பெக்கோடு நடித்தார். 1953-ல் காரல் ரீட் பெர்லினிலேயே எடுத்த 'த மேன் பிட்வீன்' படத்தில் ஜேம்ஸ் மேசனோடு நடித்தார்.

1955-ல் நியூயார்க் பிராட்வே மேடை. கோல் போர்ட்டர் இசையமைத்த 'சில்க் ஸ்டாக்கிங்ஸ்' என்ற இசை நாடகத்தில் கதாநாயகி நினாச்கா. சினிமாவில் கிரேட்டா கார்போ செய்த சோவியத் அதிகாரி வேடம். பனிப்போர் நேரத்தில், அமெரிக்க மேடையில், ரஷ்யப் பெண்ணாக ஒரு ஜெர்மன் நடிகை! 478 காட்சிகள் ஓடியது. ஆனால் 1957-ல் அதே நாடகம் ஹாலிவுட்டில் படமானபோது வேடம் வேறொருவருக்குப் போய்விட்டது. அவர் ஊர் திரும்பினார். ஜெர்மனியில் சினிமா நடந்துகொண்டிருந்தது, ஆனால் முன்போல் இவருக்காகக் கதை எழுத யாரும் இல்லை. 'பாவி' என்ற பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டிருந்தது. வயது முப்பதைத் தாண்டியிருந்தது. இந்த மேடையில் நிற்கும் என் வயதுதான்.

இங்கேதான் மூன்றாவது தொழில். 1960-களில் பாட ஆரம்பித்தார். நம் சங்கீதக் கணக்கில் பார்த்தால் அது பாடகி குரலே இல்லை. கரகரப்பான, கனத்த, பேசுவது மாதிரியான குரல். 'குரலே இல்லாத மகத்தான பாடகி' என்று எல்லா ஃபிட்ஸ்ஜெரால்ட் சொன்னதாக ஒரு பேச்சு உண்டு. தன்னிடம் இல்லாததைத் தேடிப் போகாமல், இருக்கிற குரலுக்கு ஏற்ற பாட்டைத் தானே எழுதிக்கொண்டார். சிவப்பு ரோஜாக்கள் எனக்காக மழையாகப் பொழியட்டும் என்ற பொருளில் 1968-ல் எழுதிய பாட்டு ஜெர்மனியில் இன்றும் எல்லோருக்கும் தெரியும். 1992-ல் ஒரு ராக் குழுவோடு சேர்ந்து அதே பாட்டைத் திரும்பப் பாடினார். பேரன் பேத்தி வயதுப் பிள்ளைகள் அதைக் கேட்டார்கள்.

நான்காவது தொழில் எழுத்து. 1970-ல் தன் வாழ்க்கையைப் புத்தகமாக எழுதினார். தலைப்பு, 'தானமாக வந்த குதிரை'. தானமாக வந்த குதிரையின் வாயைத் திறந்து பார்க்காதே என்று ஜெர்மன் பழமொழி. நம் ஊரில் "தானம் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்காதே" என்போமே, அதேதான். அங்கே குதிரை, இங்கே மாடு. பார்க்கப்போவது இரண்டிலும் பல்தான். புத்தகம் சக்கைப்போடு போட்டது, பல மொழிகளில் வந்தது. அதில் அவர் தன் வாழ்க்கை என்ற குதிரையின் வாயைத் தானே திறந்து காட்டுகிறார். நாஜி அதிகாரியின் காதல், ராணுவ உடுப்பு, கைதி முகாம் எல்லாம் இருக்கிறது. ஒரு நட்சத்திரம் மறைக்க நினைத்தால் மறைத்திருக்கக்கூடிய விஷயங்கள். நினைவில் எழுதியதுதான், நீதிமன்ற வாக்குமூலம் இல்லை, அவர் பக்கத்து நியாயம்தான் அதிகம். ஆனாலும் கேள்வி கேட்ட இடத்தில் பதில் என்று ஒன்றை எழுதி வைத்தார்.

1975-ல் 'தீர்ப்பு' என்று இன்னொரு புத்தகம். தனக்கு வந்த மார்பகப் புற்றுநோயைப் பற்றி, ஆஸ்பத்திரிகளைப் பற்றி, டாக்டர்கள் நோயாளியிடம் பேசும் விதத்தைப் பற்றி. அந்த நோயின் பெயரைச் சத்தமாகச் சொல்லவே கூச்சப்பட்ட காலம் அது. நடிப்பும் நிற்கவில்லை. 1976-ல் ஹிட்லரை எதிர்த்துத் தபால் அட்டை எழுதி ரகசியமாகப் போட்ட தொழிலாளி தம்பதியின் கதை படமானபோது, மனைவியாக நடித்தார். 'ஒவ்வொருவரும் தனியாகவே சாகிறார்கள்' என்பது படத்தின் பெயர். கார்லோவி வாரி விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. முப்பது வருஷத்துக்கு முன்னால் கறை படாத முகத்தோடு வதைமுகாம் கைதியாக வந்தவர், இந்தப் படத்தில் ஒப்பனை இல்லாத கிழட்டு முகத்தோடு அந்தக் காலத்துக்குத் திரும்பிப் போனார். என் கணக்கில் அவருடைய நல்ல நடிப்பு இதுதான். 2002 பிப்ரவரி முதல் தேதி பெர்லினில் காலமானார். பெர்லினில் ஸுய்ட்க்ராய்ஸ் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு சதுக்கத்துக்கு அவர் பெயர் வைத்திருக்கிறார்கள்.

நமக்கு என்ன?

தம்பி தங்கைகளே, இப்போது உங்களிடம் வருகிறேன். செயற்கை நுண்ணறிவு வந்துவிட்டது, நாங்கள் படிக்கிற படிப்புக்கு நாளைக்கு வேலை இருக்குமா சார் என்று காலையிலிருந்து நாலு பேர் கேட்டுவிட்டீர்கள். எனக்கும் தெரியாது. ஒரு தொழில் முடிந்தால் இன்னொன்றை ஆரம்பிக்க முடியும் என்பதற்கு இந்த அம்மாள் சாட்சி. முந்தின தொழில் வீணாகவும் போகவில்லை. மேடையில் ஓங்கிப் பேசிய பழக்கம் பாட்டுக்கு வந்தது, பாட்டு எழுதிய கை புத்தகம் எழுதியது. முப்பது, நாற்பது, ஐம்பது வயதில் ஆரம்பித்ததையும் உருப்படியாகச் செய்தார். அதுவரை தைரியமாக இருங்கள்.

ஆனால் அதைவிட முக்கியமாக நான் நினைப்பது அந்த இரும்புத் தொப்பி ஃபாக்டரியை. நான் வேலைக்குச் சேர்ந்த முதல் வருஷம். எந்தக் கம்பெனி என்பது வேண்டாம். ஒரு லாட் வால்வு அவசரமாக அனுப்ப வேண்டும். பிரஷர் டெஸ்ட் செய்ததாகச் சர்டிபிகேட் தயாராக இருந்தது. டெஸ்ட் நடக்கவில்லை. கையெழுத்து மட்டும் பாக்கி. கேட்டவர் கெட்டவர் இல்லை. மத்தியானம் தன் டிபன் பாக்ஸிலிருந்து எனக்கும் சேர்த்துப் போடுகிறவர். "எல்லாரும் போடறதுதான் தம்பி, ஒண்ணும் ஆகாது" என்று அன்பாகத்தான் சொன்னார். டெஸ்ட் முடிந்தால் போடுகிறேன் சார் என்றேன். மறு வாரம் என்னை ஸ்டோருக்கு மாற்றினார்கள். ஆறு மாசம் நட்டும் போல்ட்டும் எண்ணினேன். அந்தக் கையெழுத்தை வேறு யாரோ போட்டிருப்பார்கள். ஊரில் யாரும் கொதிக்கவில்லை.

அதனால்தான் ப்ரூக்னர் சிரித்த முகமாக இருப்பது எனக்குப் பயமாக இருந்தது. தப்பான வேலையைக் கேட்கிறவர் வில்லன் மீசையோடு வரமாட்டார். சாப்பாட்டுப் பொட்டலத்தோடு வருவார். நீங்கள் இன்டர்வியூவில் சம்பளத்தைக் கேளுங்கள், ஊரைக் கேளுங்கள், தப்பில்லை. கூடவே, இங்கே என்ன செய்கிறார்கள், அது யார் கைக்குப் போகிறது, என் கையெழுத்து எதன் கீழே விழப்போகிறது என்பதையும் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். க்னேஃபுக்கு அந்த வாய்ப்பு ஏழு வயதில் கிடைக்கவில்லை. பதினெட்டு வயதில் அவர் கேட்கவும் இல்லை. அதற்குப் பிறகு வாழ்நாள் முழுவதும் பதில் சொல்லிக்கொண்டிருந்தார். உங்களுக்கு இருபத்தொரு வயதில், படித்த படிப்போடு, அந்த வாய்ப்பு இருக்கிறது.

படங்களைப் பார்க்க விரும்புகிறவர்கள் முதலில் 1946-ம் வருஷத்துப் படத்தைப் பாருங்கள். அப்புறம் 1976-ம் வருஷத்துப் படம். 'பாவி'யை ஆர்வத்துக்காகப் பார்த்துக்கொள்ளலாம். அந்தச் சில வினாடிகளுக்காகத் தேடினால் ஏமாந்து போவீர்கள், இப்போதே சொல்லிவிட்டேன்.

 கேன்டீனில் வடை ஆறுவதற்குள் எல்லோரும் எழுந்து போகலாம். வணக்கம்.